தேவகிருபையின் முப்பத்தொரு தரைப்பாலங்கள்

தேவகிருபைக்குக் கார் ஓட்டத் தெரியாது. ஸ்கூட்டிகூட ஓட்டியதில்லை. ஆம்பூரில் அவர் வேலை பார்க்கும் ஷூ கம்பெனிக்கும் வீட்டுக்கும் நடுவே ஒன்றரைக் கிலோமீட்டர். மழை இல்லாத நாளில் நடை, மழை நாளில் ஷேர் ஆட்டோ. அவருடைய போக்குவரத்து அவ்வளவுதான். ஆனால் ஓசூரிலிருந்து திருத்தணி வரைக்கும் நாலாயிரத்துச் சொச்சம் டிரைவர்கள் அவர் சொன்ன பக்கம் வண்டியைத் திருப்பிக்கொண்டிருந்தார்கள். அந்தக் குரலுக்குச் சொந்தக்காரர் யார், எந்த ஊர் என்று அவர்களில் ஒருவருக்கும் தெரியாது.

கம்பெனியில் அவருக்கு ஏற்றுமதிப் பிரிவு. ஒரு கன்டெய்னர் வாசலைத் தாண்டுவதற்கு முன்னால் அதன் காகிதங்கள் எல்லாம் அவர் மேஜையைத் தாண்டியாக வேண்டும். இருபத்தேழு வருடத்தில் ஒரே ஒரு முறை, கன்டெய்னர் எண்ணில் ஒரு இலக்கம் மாறியதைக் கவனிக்காமல் விட்டுவிட்டார். அந்தப் பெட்டி ஐரோப்பாவில் ஏதோ ஒரு துறைமுகத்தில் பதினொரு நாள் நின்றது. முதலாளி ஒன்றும் சொல்லவில்லை. தேவகிருபைதான் அதை மறக்கவில்லை. எதை எழுதினாலும் இரண்டாம் முறை விரல் வைத்துப் படிக்கும் பழக்கம் அதற்குப் பிறகு வந்ததுதான்.

மாதத்தில் இரண்டு ஞாயிறு லுத்தரன் கோயிலில் வேதபாடம் வாசிப்பதும் அவர்தான். உரத்த குரல் இல்லை. ஆனால் ஒவ்வொரு சொல்லும் எங்கே முடிகிறது என்று கடைசி பெஞ்சுக்கும் கேட்கும்.

இந்த வழிகாட்டும் வேலைக்குள் அவர் வந்தது தற்செயலாகத்தான். கணவர் இன்பசேகரன் வேலூரில் ஒரு ஆஸ்பத்திரி லேபில் டெக்னீஷியன்; தினமும் காலை ரயிலில் காட்பாடி போய் வருகிறவர். அவருடைய அத்தை மகன் குவைத்திலிருந்து திரும்பியபோது, காரின் கண்ணாடியில் ஒட்டிவைக்கும் சின்ன ஜிபிஎஸ் பெட்டி ஒன்றைக் கொடுத்துவிட்டுப் போனார். கார் இல்லாத வீட்டில் அது டிவிக்குப் பக்கத்தில் ஒரு வருடம் கிடந்தது. ஒரு விடுமுறை நாளில் தேவகிருபை அதன் மெமரி கார்டை எடுத்துக் கம்ப்யூட்டரில் செருகிப் பார்த்தார்.

பெரிய ரகசியம் எதையும் எதிர்பார்க்கவில்லை. உள்ளே இருந்ததும் வெறும் ஃபோல்டர்கள்தான். ஒன்றில் வரைபடம். ஒன்றில் திரையின் படங்கள். இன்னொன்றில் ஒரு ஆங்கிலக்காரியின் குரல், துண்டு துண்டாக. "இருநூறு" ஒரு துண்டு, "மீட்டர்" ஒரு துண்டு, "இடது" ஒரு துண்டு. பெட்டி அவற்றைக் கோத்துக் கோத்துப் பேசியது. தேவகிருபைக்கு அது பேக்கிங் லிஸ்ட் மாதிரி தெரிந்தது. எது எந்தப் பெட்டியில் இருக்கிறது என்று தெரிந்தால் மாற்றி வைக்கவும் முடியும்.

அன்று சாயங்காலம் இன்பசேகரன் வீட்டுக்கு வந்தபோது மனைவியைக் காணவில்லை. படுக்கையறையில் பீரோவின் இரண்டு கதவும் திறந்திருந்தன. தொங்கிய புடவைகளுக்கு நடுவே தலையை விட்டுக்கொண்டு, கையில் போனோடு தேவகிருபை, "முந்நூறு... நானூறு... ஐந்நூறு..." என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

"இன்னா தேடுற?" என்றார் இன்பசேகரன்.

"தேடல. எதிரொலி வராம இருக்கணும். ஃபேன நிறுத்துங்க."

அவர் ஃபேனை நிறுத்திவிட்டுத் தானே காப்பி போட்டுக்கொண்டார்.

அந்தப் பெட்டியின் மென்பொருளைச் செய்த நிறுவனம் அதைக் கைவிட்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. காசு கொடுத்து வாங்கியவர்களுக்கும் புதுச் சாலைகள் வரவில்லை. அதனால் உலகத்தின் பல மூலைகளில் சிலர் அதைத் தாங்களே பழுது பார்த்து, புதுத் திரை மாட்டி, புதுக் குரல் வைத்து ஓட்டிக்கொண்டிருந்தார்கள். அவர்கள் கூடிப் பேசும் ஒரு இணையத்தளம் இருந்தது. அங்கே ஸ்டோயன் என்று ஒருவர். பல்கேரியாவில் பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். அவருக்கு ஆங்கிலம் அரைகுறை, தேவகிருபைக்கு அலுவலக ஆங்கிலம். இருவரும் ஃபைல் பெயர்களிலேயே பேசிக்கொண்டார்கள்.

வேகக் கேமராக்களின் இடத்தைக் குறித்துவைக்கும் ஒரு சின்ன எழுத்துக் கோப்பு அந்த மென்பொருளில் உண்டு. ஐரோப்பாக்காரர்கள் அதை அபராதத்திலிருந்து தப்பிக்கப் பயன்படுத்தினார்கள். தேவகிருபை அதில் வேகத்தடைகளை ஏற்றினார். ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, குடியாத்தம் என்று, பெயின்ட் அழிந்துபோன வேகத்தடைகள். இடத்துக்கு நூறு மீட்டர் முன்னால் குரல் எச்சரிக்கும். ஸ்டோயன் கேட்டார்: "உங்கள் நாட்டில் இவ்வளவு தடைகளா?" தேவகிருபை எழுதினார்: "இது ஒரு தாலுகா மட்டும்."

பெட்டிகளின் காலம் போய், அதே மென்பொருள் போனிலும், காருக்குள் மாட்டும் சீனத் திரைகளிலும் ஓடத் தொடங்கியபோது தமிழ்நாட்டு டிரைவர்கள் மோப்பம் பிடித்து வந்தார்கள். பேரணாம்பட்டிலிருந்து ஆந்திரா பக்கம் ஏறும் மலைச்சாலையில் சிக்னல் கிடையாது. ஜவ்வாது மலையில் பாதி ஊர்களில் கிடையாது. நெட் இல்லாமலே வழி சொல்லும் ஒன்று அவர்களுக்குத் தேவைப்பட்டது. டெலிகிராமில் ஒரு குழு உருவாயிற்று. யாரோ ஒரு லாரிக்காரர் வேடிக்கையாக வைத்த பெயர் அப்படியே நிலைத்துவிட்டது: சிக்னல் இல்லா சங்கம்.

சங்கத்தில் தேவகிருபையின் பெயர் "கிருபை". ஆணா பெண்ணா என்றுகூட யாரும் கேட்கவில்லை; மேப்பில் பேசும் குரல் அவருடையதுதான் என்றும் யாருக்கும் தெரியாது. பொதுவில் கிடைக்கும் திறந்த வரைபடத்தை எடுத்து, உறுப்பினர்கள் தாங்கள் போன வழியைப் பதிவு செய்து அனுப்பும் தடங்களைச் சேர்த்து, இரண்டு மாதத்துக்கு ஒருமுறை புது மேப் போடுவார். காசு கட்டாமல் மென்பொருளைத் திறக்கத் திருட்டுச் சாவி கேட்கிறவர்களுக்கு மட்டும் பதில் சொல்ல மாட்டார். சங்கத்தில் நடந்த ஒரே பெரிய சண்டை குரலைப் பற்றியதுதான். முதலில் அவர் "இருநூறு மீட்டரில் இடது பக்கம் திரும்பவும்" என்று வேதபாடம் மாதிரி பதிவு செய்திருந்தார். "அவசரத்துல இடதா வலதான்னு யோசிக்க வேண்டியிருக்கு, லெஃப்ட்டுன்னா கை தானா திரும்பும்" என்றார்கள் டிரைவர்கள். அவருக்கு மனசில்லை. கடைசியில் இரண்டும் போட்டார். "ஆபீஸ் குரல்", "வீட்டுக் குரல்" என்று பெயர். நூறில் தொண்ணூறு பேர் வீட்டுக் குரலைத்தான் எடுத்தார்கள்.

இப்படியே பத்து வருடம் ஓடியது. அதற்குப் பிறகு வந்த ஒரு நவம்பரில், புயல் கரை கடந்து மூன்றாம் நாள், மத்தியான உணவு இடைவேளையில் தேவகிருபை டப்பாவைத் திறந்துவைத்துக்கொண்டு போனைப் பார்த்தார். சங்கத்தில் ஒரு குரல் செய்தி. நாற்பத்தேழு வினாடி. அனுப்பியவர் கலவை ஊரைச் சேர்ந்த வாடகைக் கார் டிரைவர், பெயர் சாமிநாதன். காதில் வைத்துக் கேட்டார்.

"நேத்து பேரணாம்பட்டுலருந்து ஒரு பெரியவர ஏத்திகினு வேலூர் வந்துகினு இருந்தேன். டயாலிசிஸ் பேஷண்ட்டு. மெயின் ரோட்டுல மரம் சாஞ்சி டிராஃபிக் நின்னுட்ச்சி. சுத்தி போலாம்னு இத போட்டேன். மலட்டாத்து தரைப்பாலம். நேரா போங்கன்னு அந்தம்மா சொல்லிச்சி. நேரா போனேன். தண்ணி கணுக்காலுதான் இருக்கும்னு நெனச்சேன். பாதி பாலத்துல ஓரம் பேந்துகினு இருந்திருக்கு, முன் வீலு எறங்கிட்ச்சி. ஊர்க்காரங்க வந்து பெரியவர சேர்ல வெச்சி தூக்கினு போனாங்க. டிராக்டர் வெச்சி வண்டிய இழுத்தாங்க. அவரு இன்னைக்கி காலையிலதான் ஆஸ்பத்திரி போய் சேர்ந்தாரு. நல்லாத்தான் இருக்காரு. ஆனா இத யாரு போட்டீங்களோ, அந்த எடத்த ஒரு தபா பாத்துட்டு போட்டிருக்கலாம்."

திட்டவில்லை. குரல்கூட உயரவில்லை. தேவகிருபை அதை இரண்டாம் முறை கேட்டார். டப்பாவை மூடிவிட்டு மேஜைக்குப் போய்க் கம்ப்யூட்டரில் தன் பதிவேட்டைத் திறந்தார். எந்தச் சாலை, யார் அனுப்பியது, என்றைக்குச் சேர்த்தது எல்லாம் அதில் இருக்கும். மலட்டாற்றுத் தரைப்பாலத்தின் தடத்தை பைக் ஓட்டுகிற ஒருவர் ஏப்ரல் மாதத்தில் அனுப்பியிருந்தார். ஏப்ரலில் அங்கே மணல்தான். செயற்கைக்கோள் படத்திலும் மணல்தான். எண்கள் சரியாக இருந்தன. இலக்கம் ஒன்றும் மாறவில்லை. இரண்டாம் முறை விரல் வைத்துப் படித்துத்தான் சேர்த்திருந்தார். ஆற்றில் தண்ணீர் வரும் என்பது எந்த வரியிலும் எழுதியிருக்கவில்லை. அவரும் நினைத்துப் பார்க்கவில்லை.

சாயங்காலம் வீட்டுக்குப் போகும்போது ஷேர் ஆட்டோவில் ஏறாமல் நனைந்துகொண்டே நடந்தார். ஏதோ அந்தப் பெரியவர் தன் வீட்டுக்காரர் மாதிரியும், அவரைச் சேரில் வைத்துத் தூக்கிப்போவது மாதிரியும் ஒரு காட்சி திரும்பத் திரும்ப வந்தது. இரவு உணவுக்கு முன்னால் இன்பசேகரனிடம் எல்லாவற்றையும் சொன்னார்.

"ஒரு டயாலிசிஸ் ஒரு நாள் தள்ளிப்போனா இன்னா ஆகும்?"

இன்பசேகரன் தினமும் அந்த ரத்தங்களைப் பார்க்கிறவர். சுற்றி வளைக்கவில்லை. "சிலருக்கு ஒண்ணும் ஆகாது. சிலருக்கு பொட்டாசியம் ஏறிடும். இவருக்கு ஆகல."

"ஆகியிருக்கலாம்."

"ஆகியிருக்கலாம்" என்றார் அவரும்.

அன்றைக்கே சங்கத்தில் எழுதினார். தமிழில், நாலே வரி. அந்தத் தரைப்பாலத்தைச் சேர்த்தது நான். அந்த இடத்தை நான் பார்த்ததில்லை. எனக்கு வண்டி ஓட்டவும் தெரியாது. வீட்டில் உட்கார்ந்துதான் இவ்வளவையும் செய்கிறேன். தவறு என்னுடையது, எல்லாத் தரைப்பாலங்களையும் பார்த்து முடிக்கும்வரை மேப்பை எடுத்துவிடுகிறேன்.

சங்கத்தில் ஒவ்வொருவராக வந்தார்கள். வண்டி ஓட்டத் தெரியாதவர் பேச்சையா இத்தனை நாள் கேட்டோம் என்று ஒருவர். கல்யாண சீசனில் மேப்பை எடுத்தால் எப்படி என்று ஒருவர். இலவசமாகக் கொடுக்கிறவர்களைக் குறை சொல்லக் கூடாது என்று பலர். அந்தக் கடைசிப் பேச்சுக்கு மட்டும் தேவகிருபை பதில் எழுதினார்: "இனாமா குடுத்தா தப்பு தப்பில்லாம போய்டுமா?"

சாமிநாதனுக்குத் தனியாக ஒரு செய்தி அனுப்பி மன்னிப்புக் கேட்டார். வண்டிக்கு என்ன செலவு ஆனது என்றும் கேட்டார். அவர் போன் போட்டுவிட்டார்.

"சொல்லுங்க" என்றார் தேவகிருபை.

மறுமுனையில் சாமிநாதன் பக்கத்தில் ஓடிய டிவியை நிறுத்துவது கேட்டது. பிறகு, "மேடம், நீங்களா அது? என் வண்டியில பேசுறது?"

"நான்தான்."

"ரெண்டு வருஷமா கேக்குறேன். என் வீட்டுக்காரிகூட இவ்ளோ பேசுனதில்ல." சிரித்தார். சிரித்து முடித்ததும், "செலவ விடுங்க. நீங்க அந்த எடத்த வந்து பாக்கணும். ஞாயித்துக்கெழம நான் கூட்டினு போறேன்."

ஞாயிறு ஆராதனை முடிந்ததும் வெள்ளைக் கார் ஒன்று கோயில் வாசலில் நின்றது. முப்பத்தெட்டு, நாற்பது வயதிருக்கும் சாமிநாதனுக்கு. நெற்றியில் விபூதி, சட்டைப் பையில் இரண்டு பேனா. இன்பசேகரனும் குடையோடு வந்து பின் சீட்டில் ஏறிக்கொண்டார். தேவகிருபையை முன்னால் உட்காரச் சொன்னார் சாமிநாதன். "ரோட்ட பாக்கறவங்கதான் முன்னால உக்காரணும்."

அந்தப் பத்து வருடத்தில் அவர் தன் மென்பொருளை ஓடும் காரில் வைத்துக் கேட்டதே இல்லை. சாமிநாதன் போனைத் தட்டியதும், "முந்நூறு மீட்டர்ல ரைட்ல திரும்புங்க" என்று அவர் குரலே கேட்டது. தேவகிருபைக்குக் கூச்சமாக இருந்தது. பத்து நிமிடத்தில் கூச்சம் போய், வேலை தெரிய ஆரம்பித்தது. எச்சரிக்கை வரும்போது வேகத்தடை ஏறக்குறைய வந்துவிடுகிறது. வீட்டில் உட்கார்ந்து வைத்த நூறு மீட்டர், நாற்பது கிலோமீட்டர் வேகத்தில் போகிற காருக்குப் போதவில்லை. கைப்பையிலிருந்து நோட்டை எடுத்து எழுதிக்கொண்டார்.

தரைப்பாலத்தில் வெள்ளம் வடிந்திருந்தது. சேறும், முள்ளும், யாருடையதோ ஒரு செருப்பும் கிடந்தன. ஓரம் பெயர்ந்த இடத்தில் மணல் மூட்டை அடுக்கியிருந்தார்கள். மண் நிறத் தண்ணீர் ஒரு சாண் உயரத்தில் போய்க்கொண்டிருந்தது. தேவகிருபை புடவையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு இறங்கி, சக்கரம் இறங்கிய இடத்துக்குப் போய் நின்றார். பாதத்துக்கடியில் சிமென்ட் வழுக்கியது. சாண் தண்ணீரே இழுத்தது. கை நீட்டிய இன்பசேகரனைப் பிடித்துக்கொண்டு திரும்பினார்.

கரையில் முதல் வீடு ஹலீமா பீயுடையது. வாசலில் முறத்தை மடியில் வைத்துப் பீடி சுற்றிக்கொண்டிருந்த அந்த அம்மாதான் பெரியவரைத் தூக்க அன்றைக்குச் சேர் கொடுத்தவர். வெள்ளை பிளாஸ்டிக் சேர் இன்னும் வாசலில்தான் கிடந்தது. அதையே தேவகிருபைக்கு இழுத்துப் போட்டார்.

"நீதான் அந்தப் போன்ல பேசுற பொண்ணா? இந்தத் தம்பி சொல்லிச்சி."

"நான்தாம்மா."

"எங்க ஊரு வழிய உனக்கு யாரு சொன்னா?"

"யாரோ அனுப்புனாங்க. நான் பாக்காம போட்டுட்டேன்."

ஹலீமா பீ ஒரு பீடியைச் சுற்றி முடித்து நூல் கட்டினார். "வெயில் காலத்துல நல்ல வழிதான். மழைல பேஜார். நாங்க போறதில்லையா, போறோம். அதோ பம்ப்செட் ரூமு தெரியுது பார். அதுல மூணு படி. மூணாவது படி முழுவிட்சினா இந்தப் பக்கம் ஒரு ஆடுகூட எறங்காது. ரெண்டு படி வரைக்கும் பரவால்ல."

"ராத்திரில, புது ஆளு வந்தா?"

"புது ஆளுக்கு எப்டி தெரியும்? நின்னு யாரையாவது கேக்கணும். கேக்க மாட்டானே. போன்ல இருக்கறவங்கதான் சொல்லிட்டாங்களே."

குத்தலாகச் சொல்லவில்லை, நடப்பைச் சொன்னார். தேவகிருபை நோட்டில் "மூன்றாவது படி" என்று எழுதினார். எழுதிவிட்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தார். நெட் இல்லாத மேப்புக்கு இன்றைக்கு மழையா வெயிலா என்று தெரியாது. படி முழுகியதா என்றும் தெரியாது. அது தெரிந்த மாதிரி பேசியதுதான் தப்பு. "நேரா போங்க" என்று எவ்வளவு உறுதியாக அன்று பீரோவுக்குள் நின்று சொல்லியிருந்தார். தனக்குத் தெரியாது என்று சொல்ல அந்தக் குரலுக்கு ஒரு வாக்கியம்கூட அவர் கொடுத்து வைத்திருக்கவில்லை.

திரும்பி வரும் வழியில் கணக்குப் போட்டார். அவர் மேப்பில் முப்பத்தொரு தரைப்பாலங்கள் இருந்தன. பாலாறு, மலட்டாறு, கவுண்டன்யா, அவற்றில் வந்து சேரும் கானாறுகள்.

"சாமிநாதன், மீதி முப்பதும் பாக்கணும். பஸ் போற எடத்துக்கு நான் பஸ்ல போய்க்கிறேன்."

"பஸ் போற எடத்துல எதுக்குக்கா தரைப்பாலம் இருக்கப்போவுது?" என்றார் சாமிநாதன். அந்த ஞாயிற்றுக்கிழமைதான் மேடம் போய் அக்கா வந்தது.

வாடகை இல்லாத ஞாயிறுகளில் சாமிநாதன் வந்தார். சவாரி இருக்கும் ஞாயிறுகளில் சங்கத்திலிருந்து வேறு யாராவது வந்தார்கள். ஒரு முறை முட்டை லாரியில்கூடப் போனார்கள். இன்பசேகரன் நாலாவது வாரத்தோடு நின்றுகொண்டார். "எனக்கு ஒரு நாள்தான் லீவு" என்றார். ஆனால் தோசை சுட்டுப் பொட்டலம் கட்டிக் கொடுத்தார். ஒவ்வொரு தரைப்பாலத்திலும் தேவகிருபை பக்கத்தில் இருக்கும் வீட்டில் கேட்டார்: தண்ணீர் எந்த மாதம் வரும், எவ்வளவு உயரும், வடிய எத்தனை நாள், எதை வைத்துத் தெரிந்துகொள்கிறீர்கள். ஒரு ஊரில் மின்கம்பத்தின் சிவப்புக் கோடு. ஒரு ஊரில் அப்படி எதுவுமே இல்லை; "சத்தம் வரும்" என்றார்கள். ஒரு இடத்தில் தரைப்பாலமே அடித்துப் போய் மூன்று வருடம் ஆகியிருந்தது. மேப்பில் அது இன்னும் இருந்தது. அன்றைக்குத் தேவகிருபை வீட்டுக்கு வந்ததும் முதல் வேலையாக அதை அழித்தார்.

இதை எப்படி மேப்பில் சொல்வது என்பதில் வழக்கம்போல் சண்டை வந்தது. அக்டோபர் பாதியிலிருந்து ஜனவரி பாதி வரை எல்லாத் தரைப்பாலங்களையும் மூடியதாக வைத்துவிடலாம் என்றார் தேவகிருபை. மென்பொருளில் அதற்கு வசதி இருந்தது. சாமிநாதன் ஒத்துக்கொள்ளவில்லை.

"மழையே பேயாத வருஷம் இருக்குக்கா. சும்மா காஞ்சி கெடக்கற ஆத்துக்கு பதினாலு கிலோமீட்டர் சுத்தணுமா? ரெண்டு நாள் சுத்துவான். மூணாவது நாள் உங்க மேப்ப தூக்கி போட்டுட்டு வேற எதையாவது பாத்துகினு நேரா ஆத்துல எறங்குவான்."

பல்கேரியாவிலிருந்து ஸ்டோயனும் ஏறக்குறைய அதையே எழுதினார். எச்சரிக்கை அதிகமானால் டிரைவர் காது மூடிக்கொள்ளும். முப்பது வருட பஸ் அனுபவத்தில் சொல்கிறேன் என்றார்.

கடைசியில் இப்படி முடிவாயிற்று. மழை மாதங்களில் மென்பொருள் தானாகத் தரைப்பாலத்தைத் தேர்ந்தெடுக்காது. டிரைவர் வேண்டுமென்று போனால் தடுக்காது, ஆனால் பேசும். வேகத்தடைகளுக்கு வைத்திருந்த அதே எழுத்துக் கோப்பில் முப்பது புதுப் புள்ளிகள். நூறு மீட்டர் அல்ல, முந்நூறு மீட்டர் முன்னால். வண்டி திருப்ப இடம் இருக்கிற இடமாகப் பார்த்து, ஒவ்வொன்றையும் நேரில் நின்று குறித்தது.

குரல் பதிவு செய்யும் அன்று சாமிநாதன் வீட்டுக்கு வந்திருந்தார். தேவகிருபை பீரோவுக்குள் நின்று எழுதிவைத்ததைப் படித்தார்: "எச்சரிக்கை. முன்னால் தரைப்பாலம் உள்ளது. வெள்ளம் இருந்தால் கடக்க வேண்டாம்."

ஹாலிலிருந்து சாமிநாதன் சொன்னார்: "அக்கா, இது ரயில்வே ஸ்டேஷன்ல சொல்ற மாதிரி இருக்கு. யாரும் கேக்க மாட்டான். சார் மழைல கெளம்பும்போது இன்னா சொல்லுவீங்க? அப்டி சொல்லுங்க."

"அவ ஒண்ணும் சொல்ல மாட்டா" என்றார் இன்பசேகரன் பேப்பரிலிருந்து தலை தூக்காமல். "குடைய கைல குடுப்பா."

பீரோவுக்குள் தேவகிருபை காகிதத்தை மடித்துவைத்தார். பிறகு படிக்காமல் பேசினார்: "கொஞ்சம் நில்லுங்க. முன்னால தரைப்பாலம். இன்னைக்கி தண்ணி எவ்ளோன்னு எனக்குத் தெரியாது. எறங்கிப் பாருங்க, பக்கத்துல யாரையாவது கேளுங்க. ஓடுச்சினா வேணாம், திரும்பிடுங்க."

வழிகாட்டும் மென்பொருளுக்கு அது நீளமான வாக்கியம். சங்கத்தில் சிலர் வெட்டிச் சுருக்கச் சொன்னார்கள். குறிப்பாக "எனக்குத் தெரியாது" என்பதை எடுக்கச் சொன்னார்கள். மேப்பே தெரியாது என்று சொன்னால் டிரைவர் எப்படி நம்புவான் என்று கேட்டார்கள். தேவகிருபை அதை மட்டும் எடுக்க மறுத்துவிட்டார். புது மேப் மார்ச் மாதம் வெளிவந்தது. அறிவித்ததைவிட இரண்டு மாதம் தாமதம். நாலாயிரத்தில் ஐந்நூறு பேர் அதற்குள் சங்கத்தை விட்டுப் போயிருந்தார்கள். ஸ்டோயன் அந்தப் புள்ளிகளின் அமைப்பை வாங்கித் தன் நாட்டில் பனியில் மூடிப்போகும் மலைவழிகளுக்கு வைத்தார்; பல்கேரிய மொழியில் யாரோ ஒரு பெண் "எனக்குத் தெரியாது" என்று சொல்லும் பதிவைத் தேவகிருபைக்கு அனுப்பினார். ஒரு சொல்லும் புரியாமல் அவர் அதை இரண்டு தரம் கேட்டார்.

ஹலீமா பீக்கு அடுத்து வந்த மழைக்காலம் முழுதும் ஒரு வேலை வந்து சேர்ந்தது. தண்ணீர் இரண்டாவது படியைத் தொட்டால் தேவகிருபைக்குப் போன் செய்வார். "மா, ரெண்டு படி" என்பார். வேறொன்றும் பேச மாட்டார். தேவகிருபை அதைச் சங்கத்தில் போடுவார். சிக்னல் இருக்கிற இடத்தில் இருப்பவர்கள் பார்த்துக்கொள்வார்கள். மெல்ல மெல்ல மற்ற ஊர்களிலும் இப்படி ஒவ்வொருவர் அமைந்தார்கள். முப்பதுக்கும் அல்ல, பதினேழுக்கு. மீதி இடங்களில் கேட்டு வைக்க வீடே இல்லை.

அதே மழைக்காலத்தில், நவம்பர் இறுதியில் ஒரு வியாழக்கிழமை. கப்பல் ஏற வேண்டிய கன்டெய்னர் ஒன்றுக்கு மூன்று மணிக்குள் காகிதம் போயாக வேண்டும். வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது. மேஜையில் போன் அதிர்ந்தது. குடியாத்தத்திலிருந்து ஒரு சமையல் வேன்காரர், தேவகிருபைக்குத் தெரியாதவர், சங்கத்தில் எழுதியிருந்தார்: "கானாத்து பாலத்துகிட்ட அம்மா நில்லுங்கன்னு சொல்லிச்சி. எறங்கி பாத்தோம். முட்டிக்கு மேல. திரும்பிட்டோம். நாப்பது நிமிஷம் லேட்டு. சாம்பார் ஆறிட்ச்சி, பொண்ணு வீட்டுக்காரங்க கோவத்துல இருக்காங்க."

அதற்குக் கீழேயே இன்னொருவர்: "இங்க வெயில் காயுது. ஆத்துல ஒரு சொட்டு இல்ல. அம்மா கத்திகினே இருக்கு. எப்டி நிறுத்தறது?"

தேவகிருபை இரண்டாமவருக்கு முதலில் பதில் எழுதினார்: எந்த மெனு, எந்தப் பொத்தான், இன்றைக்கு மட்டும் அணைத்துவைப்பது எப்படி. சமையல் வேன்காரருக்கு என்ன எழுதுவது என்று யோசித்தார். எந்தக் கானாறு, தண்ணீர் எத்தனை மணிக்கு முட்டிக்கு மேல் இருந்தது, பக்கத்தில் வீடு ஏதாவது உண்டா, போன் நம்பர் கிடைக்குமா என்று கேட்டு எழுதினார்.

அனுப்பிவிட்டுப் போனைக் கவிழ்த்து வைத்தார். கப்பல் சரக்குச் சீட்டான பில் ஆஃப் லேடிங்கை எடுத்து, கன்டெய்னர் எண்ணின் மேல் விரலை வைத்து, முதல் எழுத்திலிருந்து படிக்கத் தொடங்கினார்.